நோயும் நேர்ச்சையும்: கம்பெனியாட்சித் தொடக்கத்தில் சேலத்துச் சமவெளி

சேர்வராயன் மலையில் பிறக்கும் சரபங்கா ஆறு ஓமலூர் வழியாக இறங்கி, எடப்பாடியைத் தொட்டுச் சென்று காவிரியில் கலக்கிறது. எடப்பாடிக்குத் தெற்கே சங்ககிரி மலைக்கோட்டை நிமிர்ந்து நிற்கிறது. மேற்கே சில கல் தொலைவில் காவிரி ஓடுகிறது. தறியும் மேட்டுநில வேளாண்மையும் வாழ்வாதாரமாக அமைந்த இப்பகுதி, 1792 மார்ச்சில் (ஹிஜ்ரி 1206) ஸ்ரீரங்கப்பட்டண உடன்படிக்கையின்படி திப்பு சுல்தானிடமிருந்து கிழக்கிந்தியக் கம்பெனியின் கைக்கு மாறியது. காவிரிக்கு அக்கரையில் இருந்த பவானியும் ஈரோடும் 1799 வரை மைசூர் அரசின் கீழேயே இருந்தன. ஆகவே ஏழாண்டுகள் எடப்பாடி வட்டாரம் இரண்டு அரசுகளின் எல்லைப்புறமாக இருந்தது.

புதிய ஆட்சியின் முதல் கலெக்டராக அலெக்சாண்டர் ரீடு வந்தார். அவருடைய துணைவர்களாகத் தாமஸ் மன்றோ, மெக்லியாட், கிரகாம் ஆகியோர் பணியாற்றினர். இவர்கள் எழுதிக் குவித்த அறிக்கைகள் பிற்காலத்தில் 'பாராமகால் ஆவணங்கள்' என்ற பெயரில் சென்னை அரசால் அச்சிடப்பட்டன. நிலத்தின் அளவும் தீர்வையும் கிணறுகளும் தறிகளும் குடிகளின் வழக்கங்களும் அவற்றில் விரிவாகப் பதிவாகியுள்ளன. நோயோ பெரும்பாலும் தீர்வை குறைந்துபோனதற்குக் காரணம் கூறும் இடங்களிலேயே தலைகாட்டுகிறது. உழுபவன் படுத்தால் நிலம் தரிசாகும். நெய்பவன் படுத்தால் தறி நிற்கும். கணக்கரின் கண்ணுக்கு நோய் அப்படித்தான் தென்பட்டது. மக்களுக்கோ அது வீட்டுக்குள் நிகழ்ந்த ஒன்று. அங்கே என்ன செய்தார்கள், யாரை அழைத்தார்கள், எதை நம்பினார்கள் என்பதற்கான சான்றுகள் சிதறிக் கிடக்கின்றன. சடங்குகள், சொற்கள், நேர்ச்சைப் பொருள்கள், மருத்துவர்களின் குறிப்புகள் ஆகியவற்றிலிருந்தே அவற்றைத் தேடி எடுக்க வேண்டியுள்ளது.

இத்தேடல் நமக்கு வெறும் பழங்கதை ஆர்வத்தால் எழுவதன்று. நம் முன்னோர் நோய்க்காலங்களில் தர்காக்களை நாடியதையும், மௌலிது ஓதியதையும், தாயத்து அணிந்ததையும் பற்றி நம்மிடையே இருவகைத் தீர்ப்புகள் வழங்கப்பட்டு வருகின்றன. ஒரு சாரார் அவற்றை அறியாமை என்றும் பித்அத் என்றும் ஒதுக்குகின்றனர். மற்றொரு சாரார் அவற்றைச் சமய நல்லிணக்கத்தின் சின்னங்களாகக் கொண்டாடுகின்றனர். இரு சாராரும் நோயை மறந்துவிட்டே தீர்ப்பளிக்கின்றனர் என்பது என் கருத்து. அந்தத் தலைமுறையினரின் நம்பிக்கை எவ்வாறு உருப்பெற்றது என்பதை அறிய, அவர்கள் எதை எதிர்கொண்டார்கள் என்பதை முதலில் அறிதல் வேண்டும்.

வைசூரியும் அம்மைப்பாலும்

கம்பெனியாட்சி இங்கு வருவதற்குப் பல நூற்றாண்டுகளுக்கு முன்பிருந்தே பெரியம்மை எனப்படும் வைசூரி இந்நாட்டில் இருந்தது. உயிரைப் பறிக்காமல் விட்டவர்களின் முகத்தில் தழும்பையும், பலருடைய கண்ணில் குருட்டையும் அது விட்டுச் சென்றது. கொங்கு நாட்டிலும் சேலத்துச் சமவெளியிலும் அது மாரியம்மனின் வருகையாகவே கொள்ளப்பட்டது. 'ஆத்தா இறங்கியிருக்கிறாள்' என்று சொல்வார்களேயன்றி நோய் என்று பெயரிடமாட்டார்கள். வாயிலில் வேப்பிலை செருகப்படும். சமையலில் தாளிதம் நிறுத்தப்படும். வெளியார் வரவு தடுக்கப்படும். நோயுற்ற குழந்தையையே தாய்த்தெய்வமாகக் கருதிப் பணிந்து பேசுவர். கொப்புளம் இறங்கியபின் குறித்த நாள்களில் தலைக்குத் தண்ணீர் ஊற்றுவர். பிணத்தை எரிக்கும் வழக்கமுடைய பல சாதியாரும் வைசூரியால் இறந்தவரை எரிக்காமல் புதைத்தனர்; அவ்வுடலில் அம்மன் குடியிருப்பதாக நம்பியதே அதற்குக் காரணம்.

மாரியம்மன் கோயில்களில் இன்றும் 'கண்மலர்' என்ற பெயரில் வெள்ளித் தகட்டில் செய்த கண்களைக் காணிக்கையாகச் செலுத்துகின்றனர். கண் பறிக்கும் நோயாக வைசூரி இருந்ததை நினைத்துப் பார்த்தால் இக்காணிக்கையின் பொருள் தெளிவாகும். இதே போன்ற வெள்ளி உருக்கள், கை, கால், கண் எனத் தனித்தனி உறுப்புகளாக, நாகூர் தர்காவிலும் செலுத்தப்படுகின்றன. வேளாங்கண்ணி மாதா கோயிலிலும் உண்டு. மூன்று சமயத்தாரின் கையிலும் ஒரே தட்டானின் வேலைப்பாடு இருந்தது. இதனைக் கொள்கைக் கலப்பு என்று மட்டும் கூறிவிட்டால் உண்மையில் பாதியே கிடைக்கும். உடலின் எந்த உறுப்பு வருந்தியதோ அந்த உறுப்பின் பெயராலேயே மன்றாடினார்கள் என்பது மறுபாதி.

முஸ்லிம்களின் நிலை என்ன? எடப்பாடி, சங்ககிரி, ஓமலூர் வட்டாரங்களில் தமிழ் பேசும் ராவுத்தர்களும், மைசூர்ப் படையெடுப்புகளோடு வந்து தங்கிய தக்னி பேசுவோரும் வாழ்ந்தனர். சங்ககிரி மலையில், முஹ்யித்தீன் அப்துல் காதிர் ஜீலானி (ரஹ்) அவர்களுக்கு மக்கள் வழங்கிய 'தஸ்தகீர்' என்ற பெயரைத் தாங்கிய தலம் ஒன்று உண்டு. தஸ்தகீர் என்றால் கைப்பிடித்து உதவுபவர் என்பது பொருள். தக்னி பேசுவோர் வைசூரியைச் 'சேசக்' என்றனர். தமிழ் முஸ்லிம்கள் அண்டை வீட்டாரைப் போலவே 'அம்மை' என்றனர். அச்சொல்லில் ஒரு தெய்வம் ஒளிந்திருப்பதை அவர்கள் பொருட்படுத்தவில்லை. வேப்பிலையும் குளிர்ந்த உணவும் எல்லா வீட்டிலும் ஒன்றாகவே இருந்தன. வேறுபட்டது உதவிக்கு அழைக்கப்பட்ட பெயர்தான். தண்ணீரில் ஓதி ஊதிக் குடிக்கக் கொடுத்தனர், பாத்திஹா ஓதினர், பிள்ளை பிழைத்தால் இன்ன தர்காவுக்குச் செல்வதாக நேர்ந்துகொண்டனர்.

இங்கே ஒன்றை மறத்தல் ஆகாது. வைசூரியைத் தெளிவாக ஆராய்ந்து, அதனை மணல்வாரி நோயிலிருந்து பிரித்துக் காட்டித் தனிநூல் எழுதியவர் அபூபக்ர் அர்ராஸி (மறைவு கி.பி. 925 அளவில்). அந்நூல் ஐரோப்பிய மொழிகளில் பெயர்க்கப்பட்டுப் பதினெட்டாம் நூற்றாண்டு வரை அங்குள்ள மருத்துவர்களால் படிக்கப்பட்டது. ஆனால் அந்த மரபு எடப்பாடியின் நெசவாளர் தெருவரை வந்து சேர்ந்ததாகக் கொள்ள இடமில்லை. யூனானி ஹகீம்கள் ஆற்காட்டு நவாபின் அவையிலும் பெரிய ஊர்களிலும் இருந்தனர். சிற்றூர் முஸ்லிமுக்குக் கிடைத்தவர் சித்த மருத்துவரே. இவ்விரண்டு மரபுகளும் முற்றிலும் அந்நியமாக இருந்தன என்றும் சொல்வதற்கில்லை. இராமதேவர் என்ற சித்தர் மக்கா சென்று யாகோபு எனப் பெயர் பெற்றதாகத் தமிழ் மருத்துவ மரபு கூறுகிறது. யாகோபு பெயரால் மருத்துவ நூல்களும் வழங்குகின்றன.

1798இல் எட்வர்ட் ஜென்னர் இங்கிலாந்தில் பசுவம்மைப் பாலைக் கொண்டு பெரியம்மையைத் தடுக்கும் முறையை வெளியிட்டார். அந்த அம்மைப்பால் இந்தியாவுக்கு வந்த வழி நாம் நினைவில் கொள்ளத்தக்கது. கடல்வழியாகக் கொண்டுவரும் முயற்சிகள், நீண்ட பயணத்தில் பால் வீரியம் இழந்ததால் தோல்வியுற்றன. வியன்னாவிலிருந்து இஸ்தான்பூலுக்கும், அங்கிருந்து பக்தாதுக்கும், பின்னர் பஸ்ராவுக்கும் சென்று, அங்கிருந்து கப்பலேறி அது பம்பாய்க்கு வந்தது. 1802 ஜூன் 14 அன்று அங்கே அன்னா டஸ்டால் என்ற மூன்று வயதுப் பெண்குழந்தைக்கு அது பலித்தது. பக்தாதிலும் பஸ்ராவிலும் கைக்குக் கை அப்பாலைக் கடத்தியதாலேயே அது உயிரோடு இந்தியா வந்து சேர்ந்தது. பசுவம்மைக்கு முந்திய தடுப்பு முறையான, அம்மைச் சீழையே கீறி ஏற்றும் வழக்கத்தையும் ஐரோப்பியர் துருக்கியரிடமிருந்தே கற்றனர். 1717, 1718ஆம் ஆண்டுகளில் இஸ்தான்பூலில் தங்கியிருந்த ஆங்கிலத் தூதரின் மனைவி மேரி மாண்டேகு அதனைக் கண்டு தம் நாட்டில் பரப்பினார்.

1802ஆம் ஆண்டு முடிவதற்குள் சென்னை மாகாணத்தில் அம்மை குத்துதல் தொடங்கியது. ஒரு குழந்தையின் கைக்கொப்புளத்திலிருந்து எடுத்து அடுத்த குழந்தையின் கையில் ஏற்றுவதே அன்றைய முறை. யாருடைய கையிலிருந்து யாருடைய கைக்கு என்ற வினா சாதிகளால் பிரிந்து கிடந்த ஊரில் உடனே எழுந்தது. அம்மன் தரும் அம்மையைச் சர்க்கார் ஆள் தருவது எப்படி என்ற வினா அதைவிடப் பெரியது. இவ்வெதிர்ப்பைக் கடக்க அதிகாரிகள் கையாண்ட உபாயம் வியப்புக்குரியது. தமிழறிஞராகிய எல்லிஸ் துரை, பசுவம்மையை அம்மனின் அருட்கொடையாகவே சித்திரிக்கும் கதையொன்றை எழுதினார். 1819 ஜனவரியில் சென்னை ஆங்கில இதழொன்றில் 'கல்வி விரும்பன்' என்ற புனைபெயரில் ஒரு கடிதம் வெளிவந்தது. பசுவம்மைப் பால் ஏற்றும் முறை தன்வந்திரி பெயரிலான பழைய நூலிலேயே உள்ளது என்று அது வாதிட்டது. அப்படியொரு பழைய ஏடு உண்மையில் இல்லை என்பதும், மக்களை இணங்கச் செய்வதற்காகப் புனையப்பட்ட நற்பொய் அது என்பதும் பின்வந்த ஆய்வாளர்களின் முடிவு. அறிவியலின் பெயரால் வந்தவர்கள்கூட நம்பிக்கையின் வாயிலைத் தட்டித்தான் ஊருக்குள் நுழைய முடிந்தது.

ஆற்றுக்கு அக்கரையில் காய்ச்சல்

1809 முதல் 1811 வரை கோயமுத்தூர், திண்டுக்கல், மதுரை, திருநெல்வேலிச் சீமைகளில் கடுமையான தொற்றுக் காய்ச்சல் பரவியது. காவிரியின் மேல்கரை அப்போது கோயமுத்தூர் மாவட்டம் என்பதால், இது எடப்பாடியாருக்கு ஆற்றுக்கு அப்பால் நடந்த துயரம். இதன் காரணத்தை ஆராயக் கம்பெனி அரசு மருத்துவக் குழுவொன்றை அமைத்தது. வில்லியம் எயின்ஸ்லி, ஸ்மித், கிறிஸ்டி ஆகிய மூவரின் அறிக்கை 1816இல் லண்டனில் அச்சாயிற்று. பருவம் தப்பிய பெருமழை, தேங்கிய நீர், மலையடிவாரக் காடுகளிலிருந்தும் சதுப்புகளிலிருந்தும் எழும் கெட்ட காற்று ஆகியவையே காய்ச்சலை விளைவித்தன என்று அது முடிவு கட்டியது.

இம்முடிவைப் படிக்கும்போது, மலையிலிருந்து இறங்கும் காற்றோடு பேய் வருகிறது என்று நம்பிய குடியானவனுக்கும், அக்காற்றோடு நச்சாவி வருகிறது என்று எழுதிய மருத்துவருக்கும் இடையிலிருந்த தொலைவு நாம் எண்ணுவது போல் பெரிதன்று என்பது புலப்படும். இருவருமே தேங்கிய நீரையும் அடிவாரத்தையும் சரியாகச் சுட்டினர். இருவருமே கொசுவை அறியவில்லை. கொசுவின் உடலில் மலேரியாக் கிருமியை ரொனால்ட் ராஸ் சிக்கந்தராபாத்தில் கண்டது 1897இல்தான். சிங்கோனா மரப்பட்டையின் பயன் தெரிந்திருந்தும், அரிதும் விலையுயர்ந்ததுமான அப்பொருள் நெசவாளரின் குடிசையை எட்டவில்லை. அதன் சாரமாகிய குயினைன் பிரித்தெடுக்கப்பட்டதே 1820இல்.

எயின்ஸ்லியைப் பற்றி இன்னொரு செய்தியும் கூற வேண்டும். 1813இல் சென்னையில் அவர் வெளியிட்ட மருந்துப்பொருள் நூலில் ஒவ்வொரு சரக்குக்கும் தமிழ், தக்னி, தெலுங்கு, வடமொழிப் பெயர்களோடு அரபு, பாரசீகப் பெயர்களும் தரப்பட்டன. அகத்தியர் முதலியோர் பெயரால் வழங்கிய தமிழ் மருத்துவ நூல்களையும், அரபு, பாரசீக மருத்துவ நூல்களையும் அவர் பட்டியலிட்டார். வைத்தியர்களிடமும் ஹகீம்களிடமும் கேட்டறியாமல் இத்தகைய நூலை எழுதியிருக்க முடியாது. ஆட்சியின் முதல் தலைமுறையினர் இந்நாட்டு மருத்துவத்தை இகழ்ந்தாலும் அதனிடம் கைநீட்டத் தயங்கவில்லை. 1835இல் சென்னையில் மருத்துவப் பள்ளி தோன்றிய பிறகே அக்கை மெல்ல மெல்லப் பின்னிழுக்கப்பட்டது.

பேதி வந்த பாதை

வைசூரி பழகிய நோய். அதற்கு ஒரு முகமும் பெயரும் சடங்கும் இருந்தன. வாந்திபேதி அவ்வாறன்று. தமிழ் மருத்துவ நூல்களும் வடமொழி நூல்களும் அத்தகைய நோயை முன்னரே அறிந்திருந்தன என்பது உண்மை. ஆனால் 1817 ஆகஸ்டில் வங்காளத்தின் ஜெஸ்ஸூரில் கிளம்பி, நாடு முழுதும் பரவிய வேகத்தில் அதனை எவரும் கண்டதில்லை. காலையில் தறியில் உட்கார்ந்தவர் மாலையில் கபன் துணிக்குள் கிடந்தார். அவ்வாண்டு நவம்பரில் பண்டேல்கண்டில் பாளையமிறங்கியிருந்த கவர்னர் ஜெனரல் ஹேஸ்டிங்ஸின் பெரும்படையை அது சூறையாடியது. படைகள் தக்காணத்தில் நகர நகர அதுவும் நகர்ந்தது. 1818 அக்டோபரில் சென்னையை எட்டி, ஆண்டிறுதிக்குள் கடல் கடந்து இலங்கையையும் தொட்டது. சென்னை மாகாணத்தில் அதன் போக்கைத் தொகுத்து வில்லியம் ஸ்காட் 1824இல் அறிக்கை வெளியிட்டார்.

சேலத்துச் சமவெளி பெருவழிகளின் சந்திப்பு. மைசூர் மேட்டிலிருந்து இறங்கும் படைகளும், கோயமுத்தூருக்கும் திருச்சிராப்பள்ளிக்கும் செல்லும் வண்டிகளும், துணி மூட்டைகளும், பழனிக்குக் காவடி எடுத்துச் செல்லும் அடியார்களும் இவ்வழிகளையே பயன்படுத்தினர். எடப்பாடியார் தைப்பூசத்தை ஒட்டிக் கூட்டமாகப் பழனிக்கு நடந்து சென்று மலைமீதே இரவு தங்கும் உரிமை பெற்றவர்கள் என்பது ஊரறிந்த மரபு. ஒரே ஊருணியில் ஆயிரம்பேர் நீர் மொள்ளும் இத்தகைய பயணங்கள் பேதியின் பாதையாகவும் அமைந்தன. ஹஜ்ஜும் இதற்கு விலக்காகவில்லை. 1831இல் இந்நோய் மக்காவை எட்டி ஹாஜிகளைப் பெருமளவில் கொன்றது. 1865இல் அங்கே நேர்ந்த பேரழிவு, அடுத்த ஆண்டு இஸ்தான்பூலில் பன்னாட்டுச் சுகாதார மாநாடு கூடுவதற்கே காரணமாயிற்று.

புதிய நோய் புதிய நம்பிக்கைகளைப் பிறப்பித்தது. பண்டேல்கண்ட் மக்கள், ஹர்தௌல் என்ற பழைய இளவரசனின் நினைவுச் சோலையில் வெள்ளையர் படை பசுக்களை அறுத்ததாலேயே பேதி மூண்டது என்று கூறி அவனையே பேதியின் காவலனாக வழிபட்டனர். ஆட்சியின்மீது மக்கள் வழங்கிய ஒரு தீர்ப்பு அக்கதைக்குள் இருக்கிறது. வங்காளத்தில் ஓலாபீபி என்ற பெயரில் ஒரு தாயை இந்துக்களும் முஸ்லிம்களும் சேர்ந்து வணங்கினர். இந்துக்கள் சிலர் அவளை ஓலாதேவி என்றனர். தமிழகத்தில் இவ்வாறு ஒரே பெயரில் புதுத்தெய்வம் எழவில்லை. வைசூரிக்குரிய மாரியிடமும் காளியிடமுமே பேதியும் ஒப்படைக்கப்பட்டது. ஊர் எல்லையில் காவல் கட்டுதல், பலியிடுதல், நோயை உருவமாக்கி அடுத்த ஊர் எல்லையில் கொண்டுபோய் விடுதல் ஆகியவை நடந்தன. அடுத்த ஊரார் அதனைத் தடுக்கக் கம்பெடுத்து நிற்பதும் உண்டு.

தமிழ் முஸ்லிம் ஊர்களில் 'வபா' என்றழைக்கப்பட்ட இக்காலங்களில் யாசீன் ஓதுவதும், வீதிகளில் பாங்கு சொல்வதும், கஸீதத்துல் புர்தாவை ஓதியவாறு ஊரைச் சுற்றி வருவதும் வழக்கமாயின. புர்தாவைத் தேர்ந்தெடுத்ததற்குக் காரணம் உண்டு. எகிப்தில் பதின்மூன்றாம் நூற்றாண்டில் வாழ்ந்த அதன் ஆசிரியர் இமாம் பூஸீரி (ரஹ்) பக்கவாதத்தில் வீழ்ந்தபோது அதனை இயற்றி நலம் பெற்றார் என்ற வரலாறு எங்கும் பரவியிருந்தது. மலபாரில் ஓதப்படும் மன்கூஸ் மௌலிதும், பொன்னானியில் கொள்ளைநோய் பரவியபோது ஷைகு ஜைனுத்தீன் மக்தூம் (ரஹ்) அவர்களால் தொகுக்கப்பட்டது என்றே மரபு கூறுகிறது. நாகூரில் அடங்கியுள்ள ஷாஹுல் ஹமீது (ரஹ்) அவர்களின் வரலாற்றிலும் நோய் தீர்த்த நிகழ்ச்சியே நடுநாயகமாக உள்ளது. தஞ்சை அச்சுதப்ப நாயக்கர் தீராத நோயில் கிடந்தபோது, ஊசிகள் குத்தி ஏவல் செய்யப்பட்ட புறாவைக் கண்டெடுத்து ஊசிகளை ஒவ்வொன்றாகக் களைய, மன்னர் நலமடைந்தார் என்பது அக்கதை. பின்னாளில் தஞ்சை மராட்டிய மன்னர் பிரதாபசிங் அங்கே 131 அடி உயர மினாராவை எழுப்பினார். சோழநாட்டுக் கந்தூரிக்குக் கொங்குநாட்டு வணிகரும் நெசவாளரும் நடந்து சென்றதை இப்பின்னணியில் காண வேண்டும்.

ஷரீஅத் கூறியதும் மக்கள் செய்ததும்

இவற்றுக்கெல்லாம் மார்க்கத்தில் இடமுண்டா என்று கேட்போர், மார்க்கம் கொள்ளைநோய் பற்றிக் கூறியுள்ள மற்றவற்றையும் கேட்டல் வேண்டும். ஹிஜ்ரி 18இல் ஷாம் நாட்டில் அம்வாஸ் கொள்ளைநோய் பரவியபோது, ஸர்ஃ என்னுமிடம்வரை சென்றுவிட்ட கலீபா உமர் (ரலி) அவர்கள் தோழர்களுடன் ஆலோசித்துத் திரும்பிவிட முடிவு செய்தார்கள். அல்லாஹ்வின் விதியிலிருந்து ஓடுவதா என்று அபூஉபைதா (ரலி) அவர்கள் வினவ, ஒரு விதியிலிருந்து அவனுடைய இன்னொரு விதிக்கே செல்கிறோம் என்னும் கருத்தில் கலீபா விடையிறுத்தார்கள். நோயுள்ள ஊருக்குள் நுழையவும் வேண்டாம், அங்கிருப்போர் தப்பியோடவும் வேண்டாம் என்ற கருத்துடைய நபிமொழியை அப்துர் ரஹ்மான் இப்னு அவ்ஃப் (ரலி) அவர்கள் எடுத்துரைத்தார்கள். அபூஉபைதாவும் பின்னர் முஆத் இப்னு ஜபலும் (ரலி) நோய்க்கு இரையாயினர். அவர்களுக்குப் பின் பொறுப்பேற்ற அம்ர் இப்னுல் ஆஸ் (ரலி) மக்களை மலைகளுக்குப் பிரிந்து செல்லச் செய்தபின் நோய் தணிந்தது.

1817இல் நோயுற்ற படையை ஊரூராக நடத்திச் சென்ற ஆட்சியாளர்களோடு இதை ஒப்பிட்டுப் பெருமை பேசிவிடலாம். பேதி தொற்றுநோயே அன்று என்று கம்பெனி மருத்துவர்களில் பெரும்பாலோர் நெடுங்காலம் சாதித்தனர். தொற்று என ஒப்புக்கொண்டால் படையையும் வணிகத்தையும் நிறுத்தி வைக்க நேரும் என்ற கணக்கும் அதில் இருந்தது. ஆனால் நம் அறிஞர்களிடையேயும் ஒரே கருத்து நிலவவில்லை. பதினான்காம் நூற்றாண்டில் கிரானடாவின் இப்னுல் கதீப், ஆடையாலும் பாத்திரத்தாலும் நோய் தொற்றுவதைக் கண்ணால் கண்டபின் மறுக்க முடியாது என வாதிட்டார். தம் பெண்மக்கள் மூவரைக் கொள்ளைநோய்க்குப் பறிகொடுத்த ஹதீஸ் பேரறிஞர் இப்னு ஹஜர் அல்அஸ்கலானி (ரஹ்) அக்கருத்தை ஏற்காமல் ஜின்களின் தாக்குதலே காரணம் என எழுதினார். அதே இப்னு ஹஜர்தான், ஹிஜ்ரி 833இல் கெய்ரோ மக்கள் நோன்பு நோற்றுப் பாலைவெளியில் திரண்டு துஆச் செய்தபின் மரணங்கள் முன்னிலும் பெருகியதை மறைக்காமல் பதிவு செய்தார். கோட்பாடு ஒருபுறம் இழுக்க, கண் கண்டதை எழுதிய அவருடைய நேர்மை போற்றத்தக்கது. புர்தா ஓதி ஊர் சுற்றிய கூட்டங்களைப் பற்றி இத்தகைய பதிவொன்று நமக்குக் கிடைத்திருந்தால் எவ்வளவோ பயன்பட்டிருக்கும்.

மார்க்கம் மக்களின் நடத்தையை எங்கே தொட்டது என்று கேட்டால், மரணத்தைக் கையாண்ட முறையில் என்பேன். கொள்ளைநோயால் இறந்தவரும் வயிற்று நோயால் இறந்தவரும் ஷஹீதுகள் என்னும் நபிமொழி எளிய முஸ்லிமும் அறிந்தது. பேதியில் இறந்தவர் இவ்விரண்டு வகையிலும் அடங்குவார். போர்க்களத்து ஷஹீதைப் போலன்றி இவரைக் குளிப்பாட்டவும், கபனிடவும், தொழவைத்து அடக்கவும் வேண்டும். இது ஊரார்மீது சுமத்தப்பட்ட கூட்டுக்கடமை. அச்சத்தால் பிணத்தைக் கைவிட்டு ஓடியவர்களைப் பற்றிய செய்திகள் நிறைந்த ஒரு காலத்தில், யாரேனும் நால்வர் வந்து சந்தூக்கைத் தூக்கியே ஆகவேண்டும் என்ற சட்டம் எளிய மக்களுக்குப் பெரிய ஆறுதலாயிற்று. நோய் தொற்றிய உடலைக் குளிப்பாட்டியவர்களும் நோயுற்றிருப்பர் என்பதையும் சேர்த்தே கூற வேண்டும். தர்காவுக்கு நேர்ந்துகொண்டோரும், அதனை ஏற்காதோரும் இக்கடமையில் ஒன்றாகவே நின்றனர்.

தறியும் தீர்வையும்

நோயைத் தெய்வத்தோடும் விதியோடும் மட்டும் இணைத்துப் பேசுவது ஆட்சியாளருக்கும் வசதியாகவே இருந்திருக்கும். உண்பதற்கில்லாத உடலில்தான் நோய் எளிதில் தங்கும். எடப்பாடி போன்ற நெசவு ஊர்களில் தறிக்கும் தொழிலுக்கும் 'மொகதர்பா' என்ற வரி விதிக்கப்பட்டது. கைத்தொழிலாளியைக் குறிக்கும் அரபுச் சொல்லின் வழிவந்த இப்பெயர், பழைய அரசுகளிடமிருந்து கம்பெனி எடுத்துக்கொண்ட மரபுரிமைகளுள் ஒன்று. 1860களின் தொடக்கம்வரை அது நீடித்தது. தறிக்காரன் காய்ச்சலில் கிடந்தாலும் தறி கணக்கில் இருந்தது. கம்பெனியின் வணிக முகவர்கள் துணிக்குக் கொடுத்த முன்பணமும் அவ்வாறே. நெய்யாத நாள் கடனாக ஏறியது. நோயுற்ற குடும்பம் ஒருபுறம் நேர்ச்சைக்கும் மறுபுறம் வட்டிக்கும் கடன்பட்டது. பஞ்சம் வந்தபோது இதன் முழு விளைவும் தெரிந்தது. 1871 கணக்கெடுப்பில் 19,66,995 ஆக இருந்த சேலம் மாவட்ட மக்கள்தொகை, 1876 முதல் 1878 வரையிலான பெரும்பஞ்சத்துக்குப்பின் 1881இல் 15,99,595 ஆகச் சுருங்கியது. பஞ்சத்தில் மாண்டோருள் மிகப் பலரைக் கொன்றவை பேதியும் காய்ச்சலுமே.

ஆட்சியாளர்களும் இந்நோய்க்குத் தப்பவில்லை. பாராமகாலில் ஏழாண்டுகள் நிலம் அளந்து, தருமபுரியில் வீடும் தோட்டமும் அமைத்து வாழ்ந்த தாமஸ் மன்றோ, சென்னை மாகாண ஆளுநராக உயர்ந்தபின் 1827 ஜூலை 6 அன்று கர்நூல் சீமையின் பத்திகொண்டாவில் பேதி கண்டு ஒரே நாளில் இறந்தார். ஆளுநருக்கும் அன்று கிடைத்திருக்கக்கூடிய மருத்துவம் அபினிக் கரைசலும் பாதரச உப்பும் மதுவுமே. அவர் ஆண்ட சீமைகளில் குழந்தைகளுக்கு அவருடைய பெயரை இட்டனர். அவரைச் சுற்றியும் மக்கள் அற்புதக் கதைகள் பின்னினர். பேதி குடிநீரால் பரவுவதை ஜான் ஸ்னோ லண்டனில் காட்டியது 1854இல். அதன் கிருமியை ராபர்ட் காக் கல்கத்தாவில் உறுதி செய்தது 1884இல். ஆகவே நாம் பேசும் காலத்தில், அம்மனை அழைத்த தாயும், தஸ்தகீரை அழைத்த தாயும், நச்சாவியைக் குற்றம் சாட்டிய மருத்துவரும் நோயின் முன் ஏறத்தாழ ஒரே இருட்டில் நின்றனர். தர்கா வழிபாட்டின்மீது பின்வந்த சீர்திருத்தவாதிகள் எழுப்பிய வினாக்கள் கொள்கை சார்ந்தவை. அவற்றுக்குக் கொள்கையின் தளத்திலேயே விடை காண வேண்டும். 1818இல் நடந்ததை 'அறிவுக்கும் அறியாமைக்கும் இடையிலான போர்' என்று எழுதுவது மட்டும் வரலாறாகாது. அன்றைக்கு அந்த அறிவு எவரிடமும் இல்லை.

இந்தியாவில் பெரியம்மை 1975இல் கடைசியாகக் காணப்பட்டது. 1980இல் உலகிலிருந்தே அது ஒழிந்ததாக அறிவிக்கப்பட்டது. நோய் போனபின்னும் அதற்குரிய சொல்லும் சடங்கும் போகவில்லை. சின்னம்மை கண்ட வீட்டின் வாயிலில் இன்றும் வேப்பிலை தொங்குகிறது. ஆடியில் சேலம் கோட்டை மாரியம்மனுக்குக் கண்மலர் சார்த்துகின்றனர். மஃரிப் தொழுகை முடியும் வேளையில் தமிழகத்துப் பள்ளிவாசல்கள் பலவற்றின் வாயிலில், காய்ச்சல் கண்ட குழந்தையை இடுப்பிலும் தண்ணீர்ச் செம்பைக் கையிலும் ஏந்தித் தாய்மார் நிற்கின்றனர். அவர்களில் முஸ்லிமல்லாதவரே பெரும்பாலும் மிகுதி. தொழுது வெளிவருவோர் ஒவ்வொருவராக நின்று, ஓதி, நீரிலும் குழந்தையின் நெற்றியிலும் ஊதிவிட்டுப் போகின்றனர்.